பசித்த முகமும் தங்க முகமும்

'கோல்ட்ஃபிங்கர்' படம் பார்த்திருக்கிறீர்களா? 1964-ல் வெளிவந்த ஜேம்ஸ் பாண்ட் படம். பார்த்தவர்களுக்கு இப்போது கதை மறந்து போயிருக்கலாம். ஆனால் அந்தப் பருத்த மனிதரை மறந்திருக்க முடியாது. உருண்டை முகம், செம்பட்டை முடி, எப்போதும் யாரையோ எடை போடுவது போன்ற சின்னக் கண்கள்! பாண்டைத் தங்கப் பலகையின் மேல் கட்டிப் போட்டுவிட்டு, பலகையை அறுத்துக் கொண்டே வரும் ஒளிக் கதிரை அவன் பக்கமாக நகர விடுவார். நமக்கு இங்கே நாற்காலியில் உட்கார முடியாது. அவரோ மளிகைக் கணக்குப் பார்க்கிறவர் மாதிரி அலட்டிக் கொள்ளாமல் நின்று கொண்டிருப்பார்.

அந்த நடிகரின் பெயர் கெர்ட் ஃப்ரோபே. ஜெர்மானியர்.

உலகம் முழுவதற்கும் அவர் தங்கப் பேராசை பிடித்த வில்லன். ஆனால் அவருடைய சொந்த நாட்டில், அதற்குப் பதினாறு ஆண்டுகளுக்கு முன்பே, அவர் வேறொரு ஆளாகப் புகழ் பெற்றிருந்தார். அப்போது அவர் உடம்பில் எலும்பைத் தவிர வேறொன்றும் இல்லை. கன்னம் ஒட்டி, கழுத்து நீண்டு, சட்டை தோளில் தொங்க, பசியே உருவெடுத்து வந்தது போல நின்றார். அந்த ஒல்லிக் குச்சி மனிதரும் இந்தத் தங்க முதலையும் ஒருவர்தான் என்று சொன்னால், இரண்டு படங்களையும் அடுத்தடுத்துப் பார்ப்பவர்கள்கூட லேசில் நம்ப மாட்டார்கள்.

எப்படி நேர்ந்தது இந்த மாற்றம்? அதைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

சிவப்புத் தலை வயலின்காரன்

ஜெர்மனியில் சாக்ஸனி என்றொரு பிரதேசம். அங்கே ஸ்விக்காவ் என்ற ஊருக்குப் பக்கத்தில் பிளானிட்ஸ் என்ற இடத்தில் 1913 பிப்ரவரி 25-ந் தேதி ஃப்ரோபே பிறந்தார். சிறு வயதிலேயே வயலின் கைவந்துவிட்டது. சிவந்த தலையும் வயலினுமாகத் திரிந்த அந்தப் பையனுக்கு 'ஸ்விக்காவின் சிவப்பு வயலின்காரன்' என்றே பட்டப் பெயர்.

ஆனால் வயலின் அவரைக் காப்பாற்றவில்லை. நாடகம் இழுத்துக் கொண்டது. அதுவும் நேர் வழியில் அல்ல. டிரெஸ்டன் நகரத்து நாடக அரங்கில் அவர் முதலில் தொட்டது தூரிகையைத்தான். காட்சித் திரைகளுக்கு வர்ணம் தீட்டும் வேலை. வர்ணம் தீட்டும் கை மேடைப் பக்கம் நடக்கிற ஒத்திகையைப் பார்த்துக் கொண்டு சும்மா இருக்குமா? அங்கே எரிக் போன்டோ என்ற பெரிய நடிகர் இருந்தார். ('மூன்றாவது மனிதன்' என்ற புகழ் பெற்ற படத்தில் டாக்டர் விங்கலாக வருபவர் அவர்தான்.) அவர் இந்த இளைஞரைச் சிஷ்யனாக ஏற்றுக் கொண்டார். அதன் பிறகு ஃப்ரோபே நகரம் நகரமாக நாடகக் குழுக்களில் நடித்து, கடைசியில் வியன்னா போய்ச் சேர்ந்தார். 1944-ல் ஜெர்மானிய சர்க்கார் நாடக அரங்குகளை எல்லாம் இழுத்து மூடியது. நடிகர்கள் துப்பாக்கி தூக்கினார்கள். ஃப்ரோபேயும் போனார்.

இந்த இடத்தில் ஒரு விஷயத்தைச் சொல்லி வைக்கிறேன். நினைவில் வைத்துக் கொள்ளுங்கள், பிறகு வேண்டியிருக்கும். 1929-ல், பதினாறு வயதில், அவர் நாஜிக் கட்சியில் சேர்ந்தார். 1937-ல் விலகிவிட்டார்.

சாதாரண ஓட்டோ

யுத்தம் முடிந்தது. பெர்லின் நகரம் செங்கல் குவியலாகக் கிடந்தது. பெண்கள் இடிபாடுகளுக்கு நடுவே வரிசையாக நின்று, செங்கற்களைக் கைமாற்றிக் கைமாற்றி அடுக்கிக் கொண்டிருந்தார்கள். ரொட்டியும் வெண்ணெயும் ரேஷன் கார்டுக்குத்தான் கிடைத்தன. கார்டிலும் தர வித்தியாசம் உண்டு. கடின உழைப்பாளிக்குக் கொஞ்சம் அதிகம். எந்தச் சலுகையும் இல்லாத வெறும் பிரஜைக்கு அடிப்படை அளவு மட்டும். அந்தக் கடைசி வகைக்காரனுக்குக் காகிதத்தில் ஒரு பெயர் வைத்திருந்தார்கள்: 'நார்மல்ஃபெர்பிரௌகர்'. வாயில் நுழையவில்லையா? பரவாயில்லை. 'சாதாரண நுகர்வோன்' என்று பொருள்.

1948-ல் ராபர்ட் ஸ்டெம்லே என்ற டைரக்டர் 'பெர்லின் கதைப் பாட்டு' என்று பொருள்படும் பெயரில் ஒரு படம் எடுத்தார். அதன் கதாநாயகனுக்கு இந்த ரேஷன் கார்டுப் பெயரையே குடும்பப் பெயராகச் சூட்டினார்கள். ஓட்டோ நார்மல்ஃபெர்பிரௌகர்! யுத்தத்திலிருந்து வீடு திரும்பும் ஒரு சாதாரணச் சிப்பாய். பார்த்தால், வீட்டில் வேறு ஆட்கள் குடியிருக்கிறார்கள். வேலை இல்லை. உணவு இல்லை. ஆனால் கள்ள மார்க்கெட்டுக்காரர்களுக்கும் பிரசங்கிகளுக்கும் மட்டும் குறைவே இல்லை. எல்லாரும் அவனை ஏதாவது ஒரு பக்கம் பிடித்து இழுக்கிறார்கள். ஓட்டோ முழிக்கிறான். அவ்வளவுதான் கதை.

அந்த ஓட்டோவாக முழித்தவர்தான் ஃப்ரோபே. முப்பத்தைந்து வயது. இந்த வேஷத்துக்காக அவர் பட்டினி கிடந்து இளைக்க வேண்டியிருக்கவில்லை. நாடே இளைத்துக் கிடந்த நேரம் அது. கொட்டகையில் உட்கார்ந்திருந்தவனும் திரையில் நின்றவனும் ஒரே கார்டுக்கு ரொட்டி வாங்கியவர்கள். தங்கள் துன்பத்தைப் பார்த்துத் தாங்களே சிரிக்க அந்த மனிதர் ஜனங்களுக்குக் கற்றுக் கொடுத்தார்.

படத்தில் இன்னொரு வேடிக்கை. கதையை 2048-ம் ஆண்டிலிருந்து சொல்கிறார்கள். நூறு வருஷம் கழித்து வரும் மனிதர்கள், '1948-ல் இப்படியும் வாழ்ந்தார்கள், பாருங்கள்!' என்று வியப்பது போல ஆரம்பம். அந்த 2048 இன்னும் வரவில்லை. ஆனால் ஓட்டோ சாகவில்லை. ஜெர்மன் மொழியில் சராசரி மனிதனை, தெருவில் போகிற சாதாரண வாடிக்கையாளரைக் குறிக்க, 'ஓட்டோ நார்மல்ஃபெர்பிரௌகர்' என்று சொல்வது வழக்கமாகிவிட்டது. இன்றும் பத்திரிகைகளில் எழுதுகிறார்கள். ஒரு நடிகரின் வேஷம் அகராதிச் சொல்லாக மாறுவது எத்தனை பேருக்குக் கிடைக்கும், சொல்லுங்கள்!

நாடும் பருத்தது, நடிகரும் பருத்தார்

பெயர் கிடைத்ததே தவிர, வாய்ப்பு உடனே குவிந்துவிடவில்லை. பல ஆண்டுகள் சின்னச் சின்ன வேஷங்கள். ஆர்சன் வெல்ஸ் எடுத்த 'திரு. அர்காதின்' படத்தில்கூட, 1955-ல், ஓரிரு நிமிஷம் வந்து போகிறார்.

இதற்குள் நாட்டில் ஒரு மாறுதல். 1948 ஜூனில் புது நாணயம் வந்தது. 1950-ல் மேற்கு ஜெர்மனியில் ரேஷன் முடிந்தது. தொழிற்சாலைகள் புகை கக்கின. கடை ஜன்னல்களில் பன்றித் தொடையும் கேக்கும் நிரம்பின. 'பொருளாதார அதிசயம்' என்று அதற்குப் பெயர் வைத்தார்கள். ஜனங்கள் சாப்பிட்டார்கள். நன்றாகவே சாப்பிட்டார்கள். ஃப்ரோபேயும் சாப்பிட்டார். ஒட்டிய கன்னம் உப்பியது. கழுத்து மறைந்தது.

வேறு நடிகராக இருந்தால் உடம்பு போயிற்றே என்று அழுதிருப்பார். இவருக்கோ உடம்பு வந்ததும்தான் புதுக் கதவு திறந்தது. 1958-ல் 'ரோஸ்மரி என்ற பெண்' என்றொரு படம். ஃபிராங்க்ஃபர்ட்டில் பணக்காரர்களோடு பழகி, 1957-ல் கொலையுண்ட ஒரு பெண்ணின் உண்மைக் கதையைத் தழுவியது. அதில் வரும் தொழிலதிபர்களில் ஒருவர் ஃப்ரோபே. பத்து வருஷத்துக்கு முன் ரொட்டிக்கு வரிசையில் நின்ற அதே முகம், இப்போது பெரிய காரிலிருந்து இறங்கியது! ஜெர்மானிய ரசிகர்களுக்கு அது வெறும் வேஷ மாற்றமாகத் தோன்றியிருக்குமா? தங்கள் சொந்தக் கதையே கண்ணாடியில் தெரிந்திருக்கும்.

கைப்பாவையுடன் ஒரு கொலைகாரன்

அதே 1958-ல்தான் அவர் வாழ்க்கையையே திருப்பிய படம் வந்தது. 'பட்டப்பகலில் நடந்தது' என்று பெயர். கதை எழுதியவர் சுவிட்ஸர்லாந்தின் பெரிய எழுத்தாளர் ஃப்ரீட்ரிக் டியூரன்மாட். டைரக்டர் லாதிஸ்லாவோ வாய்தா.

காட்டில் ஒரு சிறுமி கொலையுண்டு கிடக்கிறாள். ஓர் ஏழைத் தெரு வியாபாரி மேல் சந்தேகம் விழுகிறது. அவன் விசாரணையின் கொடுமை தாங்காமல் தூக்குப் போட்டுக் கொள்கிறான். வழக்கு முடிந்தது என்று எல்லாரும் கையைத் துடைத்துக் கொள்கிறார்கள். ஒரே ஒரு போலீஸ் அதிகாரிக்கு மட்டும் மனசு ஒப்பவில்லை. குழந்தையின் தாயாருக்கு வாக்குக் கொடுத்துவிட்டாரே! அவர் உத்தியோகத்தை விட்டுவிட்டு, கொலைகாரன் கார் போகும் பாதையில் ஒரு பெட்ரோல் கடையை எடுத்து நடத்திக் கொண்டு காத்திருக்கிறார். அந்த அதிகாரியாக நடித்தவர் ஜெர்மானியர்களின் செல்ல நடிகர் ஹைன்ஸ் ரியூமன்.

கொலைகாரன் ஷ்ராட்தான் ஃப்ரோபே. கத்தியைச் சுழற்றி அட்டகாசம் செய்யும் ஆசாமி என்று எண்ணி விடாதீர்கள். வீட்டில் பணக்கார மனைவியின் அதட்டலுக்கு அஞ்சி ஒடுங்கிக் கிடக்கும் பெரிய உடம்பு அவன். காட்டில் குழந்தை முன்னால் வரும்போது சாக்லேட்டும் கைப்பாவையும் கொண்டு வருகிறான். பாவை ஆடுகிறது. குழந்தை சிரிக்கிறது. அந்தப் பருத்த மனிதரின் முகத்திலும் ஒரு குழந்தைத்தனம் தெரிகிறது. பார்க்கிற நமக்குத்தான் அடி வயிறு சில்லிட்டுப் போகிறது. வீட்டில் குனிந்த தலையின் ஆத்திரம் காட்டில் எங்கே போய் இறங்கப் போகிறது என்பது நமக்குத் தெரியும் அல்லவா?

(படத்தில் கொலைகாரன் அகப்பட்டுக் கொள்கிறான். டியூரன்மாட்டுக்கு அந்த முடிவு திருப்தி தரவில்லை. அதே கதையை 'வாக்குறுதி' என்ற நாவலாக எழுதினார். அதில் கொலைகாரன் கார் விபத்தில் செத்துப் போகிறான். அது தெரியாமல் அந்த அதிகாரி ஆண்டுக் கணக்காகக் காத்திருந்து புத்தி பேதலித்துப் போகிறார். கிடைத்தால் படித்துப் பாருங்கள்.)

இந்தப் படத்தை ஜேம்ஸ் பாண்ட் தயாரிப்பாளர்கள் பார்த்தார்கள். அவர்கள் தேடிக் கொண்டிருந்த வில்லன் கிடைத்துவிட்டார்.

குரல் யாருடையது?

கோல்ட்ஃபிங்கரின் திட்டம் விசித்திரமானது. அமெரிக்காவின் தங்கக் கிடங்கான ஃபோர்ட் நாக்ஸுக்குள் புகுந்து தங்கத்தைத் திருடுவதல்ல அவன் நோக்கம். அதைத் தூக்கிக் கொண்டு போக யாரால் முடியும்? அணுக் கதிர் வீச்சால் அந்தத் தங்கத்தை 58 ஆண்டுகள் யாரும் தொட முடியாதபடி செய்துவிட வேண்டும். அப்போது அவனிடமுள்ள தங்கத்தின் மதிப்பு விண்ணுக்கு ஏறும். எப்படி யோசனை!

இதையெல்லாம் இங்கிலீஷில் அல்லவா பேச வேண்டும்? ஃப்ரோபேக்கு இங்கிலீஷ் வராது. வசனத்தை ஒலியாக உருப்போட்டு ஒப்பித்தார். டைரக்டர் கை ஹாமில்டன் பார்த்தார். 'வேகமாகப் பேசுங்கள், உதடு அசைந்தால் போதும்' என்கிற மாதிரி படமெடுத்துக் கொண்டு, பிறகு மைக்கேல் காலின்ஸ் என்ற ஆங்கில நடிகரைப் பேச வைத்துக் குரலைப் பொருத்திவிட்டார். அந்தக் கனமான, நிதானமான, ஏளனம் சொட்டும் குரல் இருக்கிறதே, அது ஃப்ரோபேயுடையது அல்ல! ஜெர்மன் மொழிப் பதிப்பில் மட்டும் அவரே பேசியிருக்கிறார்.

உலகத்துக்கெல்லாம் முகம் தெரிந்தது, குரல் தெரியவில்லை. இதையும் நினைவில் வைத்துக் கொள்ளுங்கள்.

ஒரு பேட்டி

1965-ம் ஆண்டு. புகழின் உச்சி. லண்டன் பத்திரிகை ஒன்றில் ஃப்ரோபேயின் பேட்டி வெளிவந்தது. தாம் நாஜியாக இருந்ததை அவர் ஏதோ சர்வ சாதாரணமாக ஒப்புக் கொண்டது போல அதில் இருந்தது.

பற்றிக் கொண்டது நெருப்பு. யூதர்கள் அறுபது லட்சம் பேர் கொலையுண்டு இருபது ஆண்டுகூட ஆகி முடியாத காலம். அந்த வில்லன் முகம் வேறு எல்லாருக்கும் பழக்கம். இஸ்ரேலில் அவருடைய படங்களைத் திரையிடக் கூடாதென்று தடை போட்டுவிட்டார்கள். அதில் நாம் குறை காண முடியுமா? புண் ஆறாதவர்களிடம் போய் 'கொஞ்சம் விசாரித்துச் செய்யுங்கள்' என்று சொல்ல நமக்கு என்ன யோக்கியதை?

ஃப்ரோபே பதறிப் போனார். கட்சியில் இருந்ததை அவர் இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் தாம் சொன்னதைத் திரித்துப் போட்டுவிட்டார்கள் என்றார். கட்சிக்காரனாக இருந்தும், இரண்டு யூதர்களுக்கு உதவும் பாக்கியம் தமக்குக் கிடைத்தது என்பதுதான் தாம் சொன்னது என்றார்.

சொல்கிறவர் யார்? நடிகர். அதுவும் வில்லன் நடிகர். அகப்பட்டுக் கொண்டதும் கதை விடுகிறார் என்றுதான் யாருக்கும் தோன்றும். அந்த நாளில் ஜெர்மனியில் இந்த மாதிரிக் கதைகளுக்குப் பஞ்சமா? ஒவ்வொருவரும் ஒரு யூத நண்பரைக் கைவசம் வைத்திருந்தார்கள்!

ஆனால் இந்தத் தடவை அந்த நண்பர் நேரிலேயே வந்தார். வியன்னாவில் இருந்த இஸ்ரேல் தூதரகத்தை ஒரு யூதர் அணுகினார். நாஜி ஆட்சியில் தம்மையும் தம் தாயாரையும் ஃப்ரோபே ஒளித்து வைத்துக் காப்பாற்றினார் என்றும், தாங்கள் உயிரோடு இருப்பது பெரும்பாலும் அவரால்தான் என்றும் சொன்னார். தடை நீங்கியது.

வாசகர்களே, இதில் யாருக்கும் முழுத் தீர்ப்பு எழுதிவிட முடியாது. பதினாறு வயதில் அந்தக் கட்சியில் சேர்ந்ததும் உண்மை; எட்டு வருஷம் அதில் இருந்ததும் உண்மை. பிடிபட்டால் தன் உயிருக்கே ஆபத்து என்று தெரிந்தும் ஒரு தாயையும் மகனையும் மறைத்து வைத்ததும் உண்மை. ஒன்றைக் காட்டி மற்றதை அழிக்க முடியாது. யுத்தத்துக்குப் பிந்திய ஜெர்மனியில் ஒவ்வொரு வீட்டிலும் பிள்ளைகள் பெற்றோரைப் பார்த்து, 'அப்போது நீங்கள் என்ன செய்து கொண்டிருந்தீர்கள்?' என்று கேட்கத் தொடங்கிய காலம் அது. அநேகர் வாய் திறக்கவில்லை. ஃப்ரோபேயிடம் அந்தக் கேள்வியை உலகமே கேட்டது. அவர் சொன்ன பதிலை யாரும் நம்பவில்லை. சாட்சி வந்து சொன்ன பிறகுதான் நம்பினார்கள்.

பாரிஸ் எரிகிறதா?

அந்தப் புயல் ஓய்ந்த பிறகு திரைக்கு வந்த அவருடைய வேஷம் எது தெரியுமா? 1966-ல் ரெனே கிளெமான் எடுத்த 'பாரிஸ் எரிகிறதா?' படத்தில் ஜெர்மானிய ஜெனரல் ஃபான் கோல்டிட்ஸ்!

1944 ஆகஸ்டில் பாரிஸ் நகரத்து ஜெர்மன் தளபதி இவர். நகரத்தை நாசமாக்கிவிட்டுத்தான் கொடுக்க வேண்டுமென்பது ஹிட்லரின் உத்தரவு. ஆகஸ்ட் 25-ந் தேதி கோல்டிட்ஸ் சரணடைந்தபோது பாலங்கள் நின்றன, கோபுரங்கள் நின்றன. அவர் மனம் இரங்கித்தான் செய்யவில்லையா, செய்ய வலுவில்லாமல் விட்டாரா என்று சரித்திர ஆசிரியர்கள் இன்னமும் வாதாடுகிறார்கள். அந்தச் சந்தேகத்தையே ஃப்ரோபே தம் முகத்தில் கொண்டு வந்தார். கட்டளைக்குக் கட்டுப்பட்ட முகம். கட்டளை தப்பென்று தெரிந்த முகம். அவருக்கு எதிரே உட்கார்ந்து, நகரத்தை விட்டு வையுங்கள் என்று வாதாடும் ஸ்வீடன் கான்சலாக வருபவர் ஆர்சன் வெல்ஸ். பதினோரு வருஷத்துக்கு முன் ஃப்ரோபேக்குத் தம் படத்தில் துக்கடா வேஷம் கொடுத்த அதே வெல்ஸ்! இப்போது இருவரும் சரிக்குச் சரி.

சிரிப்பு வேஷங்களும் வந்தன. 'மிக நீண்ட நாள்' (1962) படத்தில் தினமும் காலையில் குதிரை மேல் காப்பிக் கூஜாக்களைத் தொங்கவிட்டுக் கொண்டு கடற்கரைக்குப் போகும் தொந்திச் சார்ஜண்டு அவர். ஒரு காலையில் கடல் முழுக்கக் கப்பல்! குண்டு வெடிக்கக் குதிரை ஒரு பக்கம், கூஜா ஒரு பக்கம். 1965-ல் வந்த பழைய விமானப் பந்தயப் படத்திலோ, புத்தகத்தைப் பார்த்தே விமானம் ஓட்டிவிடலாம் என்று நம்பும் பிரஷ்ய அதிகாரி. ராணுவ மிடுக்கைப் பற்றி ஜெர்மானியர் ஒருவரே இவ்வளவு கேலி செய்ததைப் பார்த்து இங்கிலாந்துக்காரர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள்.

குழந்தைகளின் திருடன்

ஆனால் எனக்கு இவர் கதையில் மிகவும் பிடித்த பகுதி கடைசியில்தான் வருகிறது.

1958-ல் குழந்தைகளைக் கொல்கிறவனாக வந்து தாய்மார்களை நடுங்க வைத்தவர் அல்லவா? 1968-ல் 'சிட்டி சிட்டி பேங் பேங்' என்ற குழந்தைப் படத்தில், குழந்தைகளே இருக்கக் கூடாதென்று சட்டம் போட்ட நாட்டின் பிரபுவாக வந்தார். பிரபுவுக்கு மட்டும் பொம்மைகள் மேல் உயிர்! ஊர்க் குழந்தைகளை ஒழித்துவிட்டுத் தாமே குழந்தையாகக் குதிக்கும் அந்தத் தடித்த பிரபுவைப் பார்த்துப் பிள்ளைகள் பயப்படவில்லை, சிரித்தார்கள்.

1974-ல் அவர் 'திருடன் ஹாட்ஸன்பிளாட்ஸ்' ஆனார். ஓட்ஃப்ரீட் பிராய்ஸ்லர் எழுதி, ஜெர்மானியக் குழந்தைகள் எல்லாம் படித்த கதை. பாட்டிக்குப் பேரன் அன்பாகக் கொடுத்த காப்பிக் கொட்டை அரைக்கும் யந்திரத்தை ஒரு முரட்டுத் திருடன் தூக்கிக் கொண்டு போய்விடுகிறான். சுற்றினால் பாடும் யந்திரம் அது! கைப்பாவை நாடகத்துப் பாத்திரங்களை வைத்தே எழுதிய கதை. எந்தக் கைப்பாவையைக் காட்டி ஒரு தலைமுறையை ஃப்ரோபே பயமுறுத்தினாரோ, அந்தக் கைப்பாவை உலகத்துக்குள்ளேயே தாம் ஒரு பாத்திரமாக நுழைந்து, அடுத்த தலைமுறையின் செல்லத் திருடனாகிவிட்டார்.

மேடையையும் அவர் விடவில்லை. கிரிஸ்டியன் மோர்கன்ஸ்டெர்ன் என்ற கவிஞரின் குறும்புக் கவிதைகளைத் தனியாளாக நின்று சொல்லி ஜனங்களைச் சிரிக்க வைப்பார். அங்கே வேறு யாரும் அவருக்காகப் பேசவில்லை. சொந்தக் குரல்தான்.

1988 செப்டம்பர் 5-ந் தேதி, எழுபத்தைந்தாம் வயதில், முனிக் நகரில் காலமானார்.

உலகப் பத்திரிகைகளில் எல்லாம் 'கோல்ட்ஃபிங்கர்' நடிகர் மறைந்தார் என்றே எழுதினார்கள். ஜெர்மானியர்களுக்கோ போனது ஓட்டோவும்தான். ரேஷன் கார்டைக் கையில் வைத்துக் கொண்டு இடிபாடுகளுக்கு நடுவே முழித்த அவர்கள் வீட்டுப் பிள்ளை.

அடுத்த முறை அந்த ஜேம்ஸ் பாண்ட் படம் உங்கள் வீட்டுப் பெட்டியில் வந்தால், பாண்டைக் கொஞ்சம் விட்டுவிட்டு அந்தப் பருத்த மனிதரின் உதடுகளைக் கவனியுங்கள். சத்தம் ஒரு நூலளவு முன்னே பின்னே வருவது தெரியும். தெரிந்தால் பக்கத்தில் இருப்பவரிடம் சொல்லுங்கள்: 'இவர் பேசியது இது இல்லை, இவருக்குச் சொந்தக் குரல் வேறே உண்டு' என்று.